முன்கை எலும்பில் அக்யூட் ஆஸ்டியோமைலிடிஸ்: எம்86.03 வரிசையா, எம்86.13 வரிசையா?

அமெரிக்க மருத்துவமனைகளின் நோயாளிக் குறிப்புகளைப் படித்து ஐசிடி-10-சிஎம் நோய்க் குறியீடு (கோட்) போடும் மெடிக்கல் கோடர் ஒருவரின் கேள்வி இதுதான்: "டிஸ்சார்ஜ் சம்மரியில் 'அக்யூட் ஆஸ்டியோமைலிடிஸ், வலது ரேடியஸ்' என்று மட்டும் இருக்கிறது. டீம் லீட் எம்86.031 என்கிறார், ஆடிட்டர் எம்86.131 என்கிறார். யார் சொல்வது சரி?"

ஆஸ்டியோமைலிடிஸ் என்றால் எலும்பில் தொற்று, ரேடியஸ் என்றால் முன்கையில் கட்டைவிரல் பக்கம் உள்ள எலும்பு. சார்ட்டில் (நோயாளியின் மருத்துவக் குறிப்பில்) அவ்வளவுதான் இருக்கிறது என்றால் ஆடிட்டர் சொல்வதுதான் சரி. ஐசிடி கோட் புத்தகத்தின் அகரவரிசை இண்டெக்ஸைத் திறந்து ஆஸ்டியோமைலிடிஸ், அதன் கீழே அக்யூட், அதன் கீழே ரேடியஸ் என்று போனால் எம்86.13 வரிசையில்தான் போய் நிற்பீர்கள். எம்86.03 வரிசைக்குப் போக வேண்டுமானால் நடுவில் 'ஹெமட்டோஜீனஸ்' என்ற படி ஒன்று இருக்கிறது. அதை டாக்டர் எழுதியிருக்க வேண்டும். நாமாக ஏறக் கூடாது.

இரண்டுக்கும் உள்ள வித்தியாசம், தொற்று எலும்புக்குள் எந்த வழியாக வந்தது என்பதுதான். உடம்பில் வேறெங்கோ இருந்த கிருமி ரத்தத்தில் கலந்து எலும்பில் போய்த் தங்கினால் அது ஹெமட்டோஜீனஸ். குழந்தைகளிடம் அதிகம் பார்ப்பது இதைத்தான். வளர்கிற எலும்பின் முனைப்பகுதியான மெட்டாஃபிசிஸில் ரத்த ஓட்டம் மெதுவாக இருப்பதால் கிருமி அங்கே எளிதில் தங்கிவிடுகிறது. திறந்த எலும்பு முறிவு, கடி, ஆபரேஷன், பக்கத்துச் சதையில் இருந்த சீழ் என்று நேரடியாக வந்தால் அது ஹெமட்டோஜீனஸ் ஆகாது, எம்86.1-இல் சேரும். வழி எதுவென்றே டாக்டர் எழுதவில்லை என்றாலும் இண்டெக்ஸ் அங்கேதான் அனுப்புகிறது.

பழைய ஐசிடி-9 காலத்தில் இந்தத் தலைவலி இல்லை. முன்கை என்றால் 730.03 என்ற ஒரே கோட். வலது இடது கிடையாது, எப்படி வந்தது என்ற கேள்வியும் கிடையாது. 2015 அக்டோபர் 1 முதல் அமெரிக்க மருத்துவமனைகள் ஐசிடி-10-சிஎம்முக்கு மாறியதும் அந்த ஒரு கோட் ஆறாகப் பிரிந்தது. எம்86.031 வலது, 032 இடது, 039 எந்தப் பக்கம் என்று குறிப்பிடாதது. அதே மாதிரி எம்86.131, 132, 139. முன்கையின் இரண்டு எலும்புகளான ரேடியஸ், அல்னா இரண்டுக்கும் சேர்த்து ஒரே இடம்தான்.

புதிதாக வருபவர்களுக்கு நான் கொடுக்கும் மாதிரி சார்ட் ஒன்றைச் சொல்கிறேன். எட்டு வயதுப் பையன், காய்ச்சல், இடது மணிக்கட்டுக்குச் சற்று மேலே வீக்கம், வலி. எக்ஸ்ரே நார்மல். எம்ஆர்ஐயில் டிஸ்டல் ரேடியஸ் (ரேடியஸின் மணிக்கட்டுப் பக்க முனை) மெட்டாஃபிசிஸில் மாற்றம். பிளட் கல்ச்சரில் எம்எஸ்எஸ்ஏ (மெத்திசிலின் மருந்துக்குக் கட்டுப்படும் ஸ்டஃபைலோகாக்கஸ் ஆரியஸ் கிருமி). டாக்டரின் முடிவு: எம்எஸ்எஸ்ஏவால் வந்த அக்யூட் ஹெமட்டோஜீனஸ் ஆஸ்டியோமைலிடிஸ், இடது டிஸ்டல் ரேடியஸ். பாதிப் பேர் 'மணிக்கட்டு' என்ற சொல்லைப் பார்த்ததும் கைக்கான எம்86.04 வரிசைக்கு ஓடிவிடுகிறார்கள். ஐசிடி-10-சிஎம்மின் 13-ஆம் அத்தியாயத்துக்கான கைட்லைன் (கோட் போடும் விதிமுறை) தெளிவாக இருக்கிறது: எலும்பின் மேல் முனையோ கீழ் முனையோ மூட்டுப் பக்கம் பாதிக்கப்பட்டிருந்தாலும் இடம் எலும்புதான், மூட்டு அல்ல. ஆகவே எம்86.032. மணிக்கட்டுப் பகுதியில், அங்குள்ள சிறு எலும்புகளான கார்ப்பல் எலும்புகளுக்கே தொற்று என்றால்தான் கை வரிசை. அப்புறம் கிருமிக்கு பி95.61. எம்86-இன் தலைப்பிலேயே கிருமிக்குக் கூடுதல் கோட் போடச் சொல்லியிருக்கிறது. அதையும் நிறைய பேர் விட்டுவிடுகிறார்கள். மெத்திசிலினுக்குக் கட்டுப்படாத எம்ஆர்எஸ்ஏ என்றால் பி95.62.

இதே சார்ட்டில் டாக்டர் 'ஹெமட்டோஜீனஸ்' என்று எழுதாமல் விட்டிருந்தால்? பிளட் கல்ச்சர் பாசிட்டிவ், காயம் எதுவும் இல்லை, எல்லாமே அந்தப் பக்கம்தான் கை காட்டுகிறது. இருந்தாலும் லேப் ரிப்போர்ட்டை வைத்து நாம் முடிவு செய்ய முடியாது. டாக்டரிடம் எழுத்தில் விளக்கம் கேட்கும் க்வெரி அனுப்ப வேண்டும். "எப்படியும் டிஆர்ஜி 539, 540, 541-க்குள்தானே வரப்போகிறது, பணம் மாறாதே, எதற்கு க்வெரி?" என்று கேட்பவர்கள் உண்டு (டிஆர்ஜி என்பது மருத்துவமனைக்கான பணத்தைக் கணக்கிடும் தொகுப்பு). புரொடக்‌ஷன் டார்கெட் எனக்கும் தெரியும். ஆனால் நாம் போடுகிற கோட் பில்லோடு நின்றுவிடுவதில்லை. அந்தக் குழந்தையின் மெடிக்கல் ரெக்கார்டில் அது நிற்கும், எலும்புத் தொற்று எப்படி வருகிறது என்று கணக்கெடுப்பவர்களின் தரவிலும் போய்ச் சேரும். சென்னையில் உட்கார்ந்து பார்க்கிறோம் என்பதால் அந்தப் பையன் நமக்கு வெறும் அக்கவுண்ட் நம்பர் ஆகிவிடக் கூடாது. சார்ட்டில் இவ்வளவு அறிகுறி இருக்கும்போது க்வெரி அனுப்பாமல் விடுவது எனக்குச் சரியாகப் படவில்லை.

பக்கம் மட்டும் விட்டுப்போயிருந்தால் உடனே 039, 139 என்று போட்டுவிடாதீர்கள். டாக்டர் குறிப்பிடவில்லை என்றால் நர்ஸ் போன்ற மற்ற கிளினிசியன்களின் பதிவிலிருந்து வலது இடதை எடுத்துக்கொள்ள கைட்லைன் அனுமதிக்கிறது. பதிவுகள் ஒன்றுக்கொன்று முரண்பட்டால் மட்டும் டாக்டரிடம் கேட்க வேண்டும்.

உங்கள் நோயாளிக்கு ரேடியஸில் பிளேட் வைத்திருக்கிறதா என்று ஆபரேஷன் ஹிஸ்டரியில் ஒருமுறை பாருங்கள். பிளேட்டால் வந்த தொற்று என்று டாக்டர் எழுதியிருந்து, அதற்காகவே அட்மிட் ஆகியிருந்தால், கதையே வேறு. டி84.612ஏ முதலில் வரும், அதற்குப் பிறகுதான் எம்86.131, பிறகு கிருமி. டைப் 2 சர்க்கரை நோயும் இருந்தால், இண்டெக்ஸில் சர்க்கரை நோயின் கீழ் 'வித்' என்ற படியில் ஆஸ்டியோமைலிடிஸ் இருப்பதால் இரண்டுக்கும் தொடர்பு இருப்பதாகவே எடுத்துக்கொண்டு இ11.69 போட வேண்டும். தொடர்பில்லை என்று டாக்டர் தெளிவாக எழுதியிருந்தால் மட்டும் போடக் கூடாது.

அவுட்பேஷண்ட் சார்ட்டில் இன்னொரு சிக்கல். எக்ஸ்ரேயில் மாற்றம் தெரிய பத்துப் பதினான்கு நாள் ஆகலாம் என்பதால் எமர்ஜென்சியில் "ஆஸ்டியோமைலிடிஸாக இருக்கலாம்" என்று எழுதி அனுப்புவது சகஜம். அங்கே எம்86 போடவே கூடாது. வலது முன்கை வலிக்கு எம்79.631, காய்ச்சலுக்கு ஆர்50.9 என்று அறிகுறியைத்தான் போட வேண்டும். உள்நோயாளியாக இருந்து, டிஸ்சார்ஜ் ஆகும்போதும் 'ப்ராபபிள்' (இருக்கக்கூடும்) என்றே முடித்திருந்தால் இருப்பதாகவே எடுத்துக் கோட் செய்யலாம்.

சால்மொனெல்லாவால் வந்தது என்றால் எம்86 பக்கமே வராதீர்கள், அது ஏ02.24. காசநோய் என்றால் ஏ18.03.

க்வெரி எழுதும்போது "இது ஹெமட்டோஜீனஸ்தானே?" என்று கேட்காதீர்கள், அது பதிலை நாமே ஊட்டுவது. காய்ச்சல், கல்ச்சர், எம்ஆர்ஐ விவரங்களைத் தேதியோடு எழுதி, தொற்று வந்த வழியைக் குறிப்பிட முடியுமா என்று கேளுங்கள். ரத்தம் வழியாக, நேரடியாக, வேறு வழி, சொல்ல இயலாது என்று நான்கையும் கொடுங்கள். பதில் வரும்வரை உங்கள் சார்ட் ஹோல்டில் இருக்கட்டும்.