மைன்கிராஃப்ட் வீடியோ கேமில் தோண்டி எடுக்கும் ரெட்ஸ்டோன் என்ற சிவப்புத் தூள் மந்திரப் பொருளா, மின்சாரமா?

இரண்டும்தான், ஆனால் என் கணக்கில் மந்திரம் ஒரு படி மேலே.

மின்சாரம் என்று நினைத்துக்கொண்டு பெரிய கதவு செய்யப் போனால் சீக்கிரமே குழம்பிவிடுவீர்கள், நான் குழம்பினேன். நிஜக் கம்பியில் சுற்று முழுமையடைய வேண்டும். இங்கே திரும்பி வரும் பாதையே தேவையில்லை, ஒரு ரெட்ஸ்டோன் டார்ச்சோ (இதே தூளால் செய்த தீப்பந்தம்) லீவரோ (கைப்பிடி சுவிட்ச்) இருந்தால் போதும், தரையில் தூவிய தூள் வழியாகச் சமிக்ஞை ஓடிப் போகும். வலிமை 15-இல் தொடங்கி, கட்டத்துக்கு ஒன்றாகக் குறையும். அதற்கு மேல் போக, சமிக்ஞையைப் புதுப்பிக்கும் ரிப்பீட்டர் என்ற கட்டையை வைத்தால் மறுபடி 15 ஆகிவிடும். அந்தக் கூடுதல் சக்தி எங்கிருந்து வருகிறது என்று கேட்கக் கூடாது!

எனக்குப் பிடித்தது டார்ச்தான். அது ஒட்டியிருக்கும் கல்லுக்குச் சமிக்ஞை வந்தால் டார்ச் அணைந்துவிடும், அதாவது 'ஆம்' வந்தால் 'இல்லை' என்று சொல்லும். இந்த ஒரு குணத்தைப் பல முறை அடுக்கித்தான் விளையாட்டுக்குள்ளேயே கால்குலேட்டர் கட்டுகிறார்கள். ஆனால் மிக வேகமாக ஏற்றி அணைத்தால் டார்ச் கருகிப்போகும்.

சரி, மந்திரம் எங்கே? மூன்று நிமிடம் வேலை செய்யும் வேகமருந்தில் இதே தூளைச் சேர்த்துக் காய்ச்சுங்கள், எட்டு நிமிடம் தாங்கும். விளையாட்டில் வரும் சூனியக்காரியைக் கொன்றால்கூட இந்தத் தூள் கிடைக்கும். செப்புக்கம்பி இதையெல்லாம் செய்யுமா?

அப்புறம், ரெட்ஸ்டோன் தோண்டப் போகும்போது இரும்புக் குந்தாலியாவது (பிக்காக்ஸ்) எடுத்துப்போங்கள், கல் குந்தாலியால் உடைத்தால் ஒன்றும் கிடைக்காது.