சிறையிலிருந்து திரைக்கு: உங்கள் கேள்விகள், என் பதில்கள்

சேலம் அஸ்தம்பட்டியில் வளர்ந்தவன் நான். சிறைவாசிகளுக்குப் பல ஆண்டுகள் எழுதப் படிக்கக் கற்றுக்கொடுத்தேன். சிறைப் படம் எந்த நாட்டில் வந்தாலும் தேடிப் பார்ப்பேன். அதனால்தான் இந்தக் கேள்விகள் என்னிடம் வந்திருக்கின்றன.

அம்மாபேட்டை, கல்லூரி மாணவி: குற்றம் செய்தவர்களே நடித்தால் படம் உண்மையாகிவிடுமா, ஐயா?

நடித்தால் மட்டும் போதாது, அம்மா. அவர்கள் கைக்குத் தெரிந்ததைப் பார்க்க இயக்குநருக்குப் பொறுமை வேண்டும். 1947இல் பாரிஸின் லா சாந்தே சிறையில் நடந்த தப்பிக்கும் முயற்சியை 'லெ த்ரூ' என்று 1960இல் படமாக்கினார்கள். அந்த முயற்சியில் இருந்த ழான் கெரோதி அதில் நடித்தார். பல் துலக்கும் பிரஷ்ஷில் கண்ணாடிச் சில்லைக் கட்டி, கதவுத் துளை வழியே நீட்டி, வார்டர் வருகிறாரா என்று பார்ப்பார்கள். பிறகு தரையை உடைப்பார்கள். ஒருவர் களைத்ததும் அடுத்தவர் இரும்பை வாங்கிக்கொள்வார். ஏறத்தாழ நான்கு நிமிடம், வெட்டே இல்லாமல், கான்கிரீட்டில் விழும் அடி மட்டும்தான். பார்க்கிற நமக்குத் தோள் வலிக்கும்.

ஏற்காடு, காப்பித் தோட்டக் கணக்கர்: அந்தக் கதையை எழுதியவரும் கைதிதானே?

ஆமாம், ஜோசே ஜியோவானி. கொலைக் குற்றத்துக்கு 1948இல் மரண தண்டனை பெற்றார். அது குறைக்கப்பட்டு 1956இல் விடுதலையானார். போர்க்காலத்தில் நாஜிகளுக்குத் துணைபோனதை அவர் மறைத்தே வாழ்ந்தார். 1993இல் சுவிஸ் பத்திரிகைகள் வெளிக்கொண்டுவந்தன. படத்தை இன்றும் மதிக்கிறேன். ஆனால் அவர் பெயரை எடுக்கும்போது செத்தவர்களையும் நினைக்க வேண்டும் என்பது என் பிடிவாதம்.

கன்னங்குறிச்சி, ஓய்வுபெற்ற ஆசிரியர்: நம் ஊர் ஸ்டூடியோவும் திருடர் கதை எடுத்ததே?

ஏற்காடு சாலை மாடர்ன் தியேட்டர்ஸின் 'அலிபாபாவும் 40 திருடர்களும்' 1956இல் வந்தது. அதில் குகை மந்திரத்துக்குத் திறக்கும். நிஜப் பெட்டகத்தை உடைத்துக் காட்ட வேண்டுமென்றால் தெரிந்த ஆள் தேவை. அமெரிக்க இயக்குநர் மைக்கேல் மான் 'தீஃப்' (1981) எடுத்தபோது, முன்னாள் திருடர் ஜான் சான்டூச்சி ஆலோசகராக இருந்தார். போலீஸ்காரர் வேடமும் அவருக்குக் கிடைத்தது!

செவ்வாய்ப்பேட்டை, வாசகி: அண்ணா, என் தம்பி வழிப்பறி வழக்கில் தண்டனை முடிந்து வந்து லேத் பட்டறையில் வேலை செய்கிறான். தொடர் எடுக்கும் குழு ஒன்று 'உன் கதையைச் சொல்' என்று கூப்பிடுகிறது. அனுப்பலாமா?

அனுப்புங்கள், தங்கச்சி, வெறுங்கையோடு திரும்ப விடாதீர்கள். ஹாலிவுட் நடிகர் டேனி ட்ரெஹோ அமெரிக்காவின் சான் க்வென்டின் சிறையில் இருந்தவர். போதையிலிருந்து மீள முயன்ற ஓர் இளைஞனுக்குத் துணையாக 'ரன்அவே ட்ரெய்ன்' (1985) படப்பிடிப்புக்குப் போனார். அங்கே எழுத்தாளராக இருந்த எட்வர்ட் பங்கர், அதே சிறையில் இருந்தவர், ட்ரெஹோவின் குத்துச்சண்டையை நினைவு வைத்திருந்தார். முக்கிய நடிகர்களில் ஒருவரான எரிக் ராபர்ட்ஸுக்குப் பயிற்சி கொடுக்க நாளுக்கு 320 டாலர் சம்பளம் பேசினார்கள். கதையைக் கேட்டுவிட்டு அனுப்பவில்லை; கைத்திறனுக்குக் கூலி கொடுத்தார்கள்.

ஆகவே சம்பளத்தை எழுத்தில் வாங்குங்கள். பெயர்ப் பட்டியலில் அவன் பெயர் வர வேண்டும். தண்டனை அனுபவித்த வழக்கைத் தவிர வேறு எதையும் கேமரா முன் பேசக் கூடாது. போலீஸிடம் சொன்ன ஒப்புதல் வாக்குமூலம் நீதிமன்றத்தில் செல்லாது; வெளியாரிடம் சொன்னது சாட்சியமாக வரலாம். பறிகொடுத்தவரின் பெயரையும் ஊரையும் சொல்ல வேண்டாம். முதல் நாள் நீங்களும் கூடப் போங்கள்.