கொலுசு ஆசிட் முதல் காபித் தோல் வரை: சேலத்துக் கழிவுக் கேள்விகள்

சேலம் வட்டார வாசகர்களின் கேள்விகளுக்கு ஓய்வுபெற்ற சுகாதார ஆய்வாளர் ஒருவர் பதில் அளிக்கிறார்.

அஸ்தம்பட்டி வாசகி: நாங்கள் பிரித்துக் கொடுத்தாலும் வண்டியில் ஒன்றாகத்தான் கொட்டுகிறார்கள். பிறகு எதற்குப் பிரிக்க வேண்டும், ஐயா?

கோபம் நியாயமானதுதான், அம்மா. 2016ஆம் ஆண்டின் திடக்கழிவு மேலாண்மை விதிகள் பிரித்துக் கொடுக்கும் கடமையை உங்களுக்கும், பிரித்தபடியே எடுத்துச் செல்லும் கடமையை உள்ளாட்சிக்கும் சேர்த்தே விதித்தன. வண்டி எண்ணைக் குறித்து வார்டு அலுவலகத்தில் எழுதிக் கொடுங்கள், வாய்ப்பேச்சுக்கு மதிப்பில்லை. அதுவரை மக்காத குப்பையையாவது வண்டியில் போடாதீர்கள். சாம்பார் ஒழுகிய பால் கவரைப் பழைய இரும்புக்கடைக்காரர் தொடவும் மாட்டார். அலசிக் காயவைத்த கவரை எடைக்குப் போடலாம்.

சூரமங்கலம் வாசகர்: அப்பாவின் இன்சுலின் ஊசிகளை என்ன செய்வது?

மூடி போட்ட கெட்டியான பிளாஸ்டிக் டப்பாவில் சேருங்கள். நிறைந்ததும் மூடியை ஒட்டி, மேலே ‘ஊசி’ என்று எழுதித் தூய்மைப் பணியாளரின் கையில் தனியாகக் கொடுங்கள். நாப்கின்களையும் செய்தித்தாளில் சுற்றித் தனியாகவே கொடுக்க வேண்டும்.

செவ்வாய்ப்பேட்டை கொலுசுப் பட்டறைக்காரர்: பயன்படுத்தி முடித்த நைட்ரிக் ஆசிட்டைத் தண்ணீர் விட்டுச் சாக்கடையில் ஊற்றினால் போதும் என்கிறார்கள். சரியா, அண்ணா?

சரியில்லை, தம்பி. தண்ணீர் விட்டால் ஆசிட்டின் வீரியம் குறையும். அதில் கரைந்திருக்கும் செம்பு எங்கே போகும்? சாக்கடை வழியாகத் திருமணிமுத்தாற்றுக்கு, அங்கிருந்து காவிரிக்கு. ஏற்காட்டு மலையில் தெளிவாகப் புறப்படும் ஆறு ஊருக்குள் என்ன நிறத்தில் ஓடுகிறது என்று உங்களுக்கே தெரியும்.

தொழில்காரருக்குத் தொழில் கணக்கிலேயே சொல்கிறேன். அந்த ஆசிட்டில் கொஞ்சம் எடுத்துக் கண்ணாடிக் குவளையில் விட்டு, உப்புக் கரைசலைச் சில சொட்டு விடுங்கள். பால் திரிவதுபோல் வெள்ளையாகத் திரண்டால் அது வெள்ளிக் குளோரைடு. சாக்கடைக்குப் போவது உங்கள் வெள்ளி! அதை வடித்தெடுத்துச் சுத்திகரிப்பவரிடம் கொடுங்கள். மிச்ச ஆசிட்டைக் காற்றோட்டமான இடத்தில், கையுறையும் கண்ணாடியும் போட்டு, பிளாஸ்டிக் டிரம்மில் கரைத்த சுண்ணாம்புப் பாலில் சிறிது சிறிதாக விடுங்கள். அவசரப்பட்டால் கொதித்துத் தெறிக்கும். அடியில் படியும் நீலப்பச்சைச் சேறு அபாயகரக் கழிவு. அதை வீட்டுக் குப்பையோடு சேர்க்கக் கூடாது. மாசுக்கட்டுப்பாட்டு வாரியத்தின் அனுமதி பெற்றவரிடம்தான் கொடுக்க வேண்டும். ஒரு பட்டறையில் சேர்வது கொஞ்சம்தான் என்பதால், தெருவே சேர்ந்து அனுப்பினால் செலவு தாங்கும். பிளீச்சிங் பவுடர் போட்ட சாக்கடையில் ஆசிட்டை ஊற்றினால் குளோரின் வாயு கிளம்பும் என்பதையும் நினைவில் வையுங்கள்.

தட்டுவடை செட் கடைக்காரர்: பொரித்த எண்ணெயைக் கையேந்தி பவனுக்கு விற்கலாமா?

கூடாது. மொத்த முனைவுச் சேர்மங்கள், அதாவது எண்ணெயைத் திரும்பத் திரும்பக் காய்ச்சும்போது அதில் சேரும் கெட்ட பொருள்கள், 25 விழுக்காட்டைத் தாண்டிய எண்ணெயில் சமைக்கக் கூடாது என்பது உணவுப் பாதுகாப்பு விதி. பயோடீசல் தயாரிப்பவர்கள் அதை லிட்டர் கணக்கில் வாங்குகிறார்கள்; உங்கள் பகுதி உணவுப் பாதுகாப்பு அலுவலரிடம் கேளுங்கள்.

ஏற்காடு தோட்டக்காரர்: பழத்தின் தோலை உரிக்கும் பல்ப்பர் இயந்திரத்தில் போட்டபின் மலையாகக் குவியும் காபித் தோலை ஓடையோரம் தள்ளிவிடுகிறோம். தவறா?

பழத்தின் எடையில் ஏறக்குறைய 40 விழுக்காடு தோல்தான். அவ்வளவையும் ஓடைக்குக் கொடுத்தால், அது புளித்துத் தண்ணீரின் ஆக்சிஜனை உறிஞ்சிவிடும்; கீழே குடிப்பவர்களின் பாடு சொல்ல வேண்டாம். மேட்டுப் பாங்கான இடத்தில் தோல், சில்வர் ஓக் சருகு, சாணம் என்று அடுக்கடுக்காகப் போட்டு, மழை படாமல் மூடி, அவ்வப்போது புரட்டிவிடுங்கள். சில மாதங்களில் கருப்பாக, மண்வாசனையோடு உதிரும் எருவாகிவிடும். அதை உங்கள் செடிக்கே போடலாம். கழுவிய தண்ணீருக்குத் தனிக்குழி வெட்டிச் சுண்ணாம்பு போட வேண்டும்.

ஆத்தூர் விவசாயி: ஜவ்வரிசி ஆலையில் மாவு எடுத்தபின் மிஞ்சும் திப்பியை மாட்டுக்குப் போடுகிறோம். குச்சிக்கிழங்குத் (மரவள்ளி) தோலையும் போடலாமா?

திப்பியை நன்றாகக் காயவைத்துப் போடுங்கள், ஈரத்தில் புளித்துவிடும். பச்சைத் தோல் வேண்டவே வேண்டாம். கிழங்கின் சதையைவிடத் தோலில்தான் சயனைடு தரும் பொருள் மிகுதி. வெயிலில் முறுகக் காய்ந்தபின், அதுவும் மற்றத் தீவனத்தோடு கலந்து கொஞ்சமாக.

கல்லூரி மாணவி: ஏற்காட்டுக்குச் சுற்றுலா போகிறோம். சிப்ஸ் பாக்கெட்டைப் போடக் குப்பைத்தொட்டி இல்லாவிட்டால்?

பையிலேயே வைத்துக் கீழே கொண்டு வாருங்கள், அம்மா. உப்பு வாசனைக்குக் காட்டெருமை பாக்கெட்டோடு விழுங்கிவிடும். அது இரைப்பையில் அடைத்துக்கொண்டால் விலங்கு மெல்லச் சாகும். மூடியில்லாத தொட்டியில் போட்டாலும் குரங்கு வெளியே இழுத்துப் போட்டுவிடும்.