திருகோணமலையில் 1980களின் கடைத்தெருவைக் குறைந்த செலவில் குறும்படத்துக்கு எப்படி அமைப்பது?

முழுத்தெருவையும் கட்ட வெளிக்கிடாதீர்கள். கலை இயக்குநர் முதலில் ஒளிப்பதிவாளரோடு இடத்துக்குப் போய், எந்த லென்ஸ், கமரா எங்கே நிற்கும் என்று முடிவெடுப்பார். சட்டகத்துக்குள் இரண்டு கடை முகப்புத்தான் விழும் என்றால் அந்த இரண்டுக்கும்தான் செலவு. கோணம் உறுதியாகும்வரை ஒரு பலகைகூட வாங்க வேண்டாம்.

முகப்புக்கு 8 அடிக்கு 4 அடி, 6 மில்லிமீற்றர் பிளைவுட் போதும். பின்னால் 2 அங்குலத்துக்கு 1 அங்குலச் சட்டம். ஆணி அடிக்காமல் நாகமுலாம் பூசிய திருகாணி போடுங்கள். உப்புக்காற்றில் சாதாரண ஆணி துருவேறி நிறப்பூச்சில் கறை இறக்கும், கழற்றும்போது பலகையும் கிழியும்.

திருகோணமலையில் உண்மையான எதிரி காற்று. ஆனி, ஆடியில் கச்சான் என்ற தென்மேற்குக் காற்று வீசும். மணிக்கு 40 கிலோமீற்றர் காற்று அந்த 32 சதுர அடியை ஏறத்தாழ 25 கிலோ பாரத்துக்குச் சமமாகத் தள்ளும். வேகம் இரட்டித்தால் தள்ளல் நான்கு மடங்கு. பலகையும் சட்டமும் சேர்ந்து 20 கிலோகூட வராது. எனவே 4 அடி பின்னே ஊன்றுகால் வைத்து, அதன் மேல் 25 கிலோ மணல் மூட்டை இரண்டு, பலகையின் அடியில் பின்பக்கமாக இன்னும் இரண்டு. ஊன்றுகாலில் மட்டும் பாரம் வைத்தால் முன்னிருந்து அடிக்கும் காற்றுக்குப் பலகை பின்னே சாயும். பக்கத்துப் பலகைகளை ஒன்றோடொன்று திருகாணியால் முடுக்கிவிடுங்கள். காற்று கூடினால் படப்பிடிப்பை நிறுத்திப் படுக்கப் போடுவதுதான் புத்தி.

பழசாக்கும்போது எல்லா இடமும் ஒரே அழுக்குப் பூசினால் பொய் தெரிந்துவிடும். கை படும் உயரத்தில் எண்ணெய்க்கறை, யன்னல் விளிம்பின் கீழ் மழைக்கோடு, நிலத்திலிருந்து ஓரடிவரை சேறு தெறித்த நிறம். பளபளப்பில்லாத பூச்சைத் தண்ணீர் விட்டு நன்றாக இளக்கி, ஈரத்துணியால் ஒற்றி எடுங்கள்.

உருளும் ஷட்டரை மறைத்து, 1, 2, 3 என்று இலக்கமிட்ட பலகைக் கதவு வையுங்கள். காலத்தைச் சொல்ல அது ஒன்றே பாதி வேலை செய்துவிடும். பெயர்ப்பலகை கையெழுத்தாக இருக்க வேண்டும், கணினி எழுத்துரு கூடாது. தெருவில் நிற்கும் வாகனத்துக்குச் சிங்கள ஸ்ரீ எழுத்துள்ள பழைய இலக்கத்தகடு. கைபேசிக் கோபுரம் தெரிந்தால் மேலே கிடுகுத் தாழ்வாரம் ஒன்றை இறக்கிவிடுங்கள், கணினியில் அழிப்பதைவிட மலிவு.