தலைப்பு சரியாகத் தெரியாத பழைய ஆய்வுக் கட்டுரையை எப்படிக் கண்டுபிடிப்பது?
முதலில் தலைப்பை விட்டுவிட்டு மேற்கோள் விவரத்தைத் தேடுங்கள். அதாவது எந்த ஆய்விதழ், எத்தனையாவது தொகுதி, எந்தப் பக்கம், எந்த ஆண்டு என்ற நான்கும்.

தலைப்பு கைமாறும்போது சிதையும். ஒருவர் சுருக்கி எழுதுவார், இன்னொருவர் மொழிபெயர்ப்பார், மாநாட்டில் ஒரு பெயரில் வாசித்தது இதழில் வேறு பெயரில் வரும், பழைய இயற்பியல் கட்டுரைகளின் மேற்கோள் பட்டியலிலோ பெரும்பாலும் தலைப்பே இருக்காது. ‘பிஸ். ரெவ். 47, 777 (1935)’ என்று மட்டும் போட்டிருப்பார்கள். அது ஃபிசிகல் ரிவ்யூ இதழின் 47ஆம் தொகுதி, 777ஆம் பக்கம். ஐன்ஸ்டைன், பொடோல்ஸ்கி, ரோசன் மூவரும் எழுதிய கட்டுரை அங்கேதான் தொடங்குகிறது. ஒரு ஆளைப் பட்டப்பெயர் சொல்லித் தேடினால் நாலு பேர் நாலு பக்கம் கைகாட்டுவார்கள், கதவு எண்ணும் தெருவும் இருந்தால் நேராகப் போய் நின்றுவிடலாம், அந்த மாதிரிதான்.

சரி, இந்த விவரமும் இல்லையா? ஆசிரியரின் குடும்பப் பெயர், தோராயமான ஆண்டு, அந்தத் துறைக்கே உரிய ஒரு அபூர்வச் சொல், இவ்வளவை மட்டும் ஆய்வுக் கட்டுரைகளைத் தேடித்தரும் கூகுள் ஸ்காலரில் போடுங்கள். அப்புறம் அதே விஷயத்தைப் பற்றிப் பின்னால் வந்த ஒரு மதிப்பாய்வுக் கட்டுரையை, அதாவது அதுவரை வந்த ஆய்வுகளைத் தொகுத்துச் சொல்லும் கட்டுரையை எடுத்து அதன் மேற்கோள் பட்டியலை வரிவரியாகப் படியுங்கள். என் அனுபவத்தில் அதிகம் கைகொடுத்தது இதுதான். நூலகரிடம் கேட்கவும் தயங்காதீர்கள்.

இணையத்தில் கிடைக்காவிட்டால் அப்படி ஒரு கட்டுரையே இல்லை என்று பலர் நினைக்கிறார்கள், ஆனால் இன்னும் ஸ்கேன் செய்யப்படாத இதழ்கள் நூலக அலமாரிகளில் நிறைய இருக்கின்றன.