தலைமைப் பூசாரியின் பெயர் – கடிதம்

அன்புள்ள ஆசிரியருக்கு,

பண்டைய எகிப்து பற்றி நீங்கள் எழுதுவதைத் தொடர்ந்து வாசிக்கிறேன். அண்மையில் ஒரு காணொளியில், ஆமூன் கோயிலின் தலைமைப் பூசாரியாகப் பொறுப்பேற்பவர் தன் பழைய பெயரைத் துறந்து, மறைபொருள் கொண்ட புதுப்பெயர் ஒன்றைச் சூட்டிக்கொள்வார் என்று சொன்னார்கள். இது உண்மையா? இன்னொரு குழப்பம், ஒரே ஆளை ஒரு நூல் ஆமென்ஹோதெப் என்கிறது, இன்னொன்று அமெனோபிஸ் என்கிறது. எதை எழுதுவது? அருங்காட்சியகத்தில் ஒரு பூசாரியின் சிலைக்கு முன்னால் நின்றால், எழுத்து தெரியாதவர்கள் பெயரைக் கண்டுபிடித்துப் பொருள் கொள்ள ஏதாவது வழி உண்டா?

கே.

அன்புள்ள கே.,

அந்தக் காணொளி சொன்னதற்கு ஆதாரம் இல்லை. எதிரான ஆதாரம் கல்லிலேயே இருக்கிறது.

மியூனிக் எகிப்தியக் கலை அருங்காட்சியகத்தில் பாகென்கோன்சு என்பவரின் சிலை உள்ளது. முழங்காலை மடக்கி, போர்வைக்குள் கட்டி வைத்ததுபோல உட்கார்ந்திருக்கும் வகை. இரண்டாம் ராமேசஸ் மன்னர் காலத்தில் ஆமூனின் தலைமைப் பூசாரியாக இருந்தவர். தன் வாழ்க்கையை ஆண்டுக் கணக்கோடு அதில் பொறித்திருக்கிறார்: சிறுவனாக 4 ஆண்டு, முதலாம் சேத்தியின் குதிரை லாயத்தில் பயிற்சி பெற்ற இளைஞனாக 11, தூய்மைப் பணி செய்யும் கடைநிலைப் பூசாரியாக 4, ‘இறைத்தந்தை’ என்ற நிலையில் 12, மூன்றாம் பூசாரியாக 15, இரண்டாம் பூசாரியாக 12, தலைமைப் பூசாரியாக 27. கூட்டினால் 85. ஒவ்வொரு படியையும் இவ்வளவு கறாராகச் சொன்னவர் பெயர் மாற்றம் என்று ஒன்று நடந்திருந்தால் விட்டிருப்பாரா? அப்படி எந்தச் சடங்கும் அதில் இல்லை.

அவருடைய பெயரையே பாருங்கள். பாகென்கோன்சு என்றால் ‘கோன்சுவின் அடியான்’. நம்மூர் முருகதாஸ் போல. ஆனால் அவர் சேவித்தது கோன்சுவை அல்ல, ஆமூனை. ராமேசஸின் மகன் காஎம்வாசெத் மெம்பிஸில் ப்தா கடவுளின் தலைமைப் பூசாரி. அவர் பெயருக்குப் பொருள் ‘தீபையில் தோன்றுபவர்’. மெம்பிஸ் பூசாரிக்குத் தீபை நகரத்தின் பெயர்! பதவிக்காகச் சூட்டிய பெயர் இப்படிப் பொருந்தாமல் இருக்காது. பிறந்தபோது வீட்டில் வைத்த பெயர் அது. பதவி பின்னால் வந்தது. ஆமென்ஹோதெப் என்ற பெயரில் மன்னர்களும் இருந்தார்கள், தலைமைப் பூசாரிகளும் இருந்தார்கள், தேர் எல்-மெதினாவில் கல்லறை குடைந்த கூலித் தொழிலாளிகளும் இருந்தார்கள்.

குழப்பம் வேறு இடத்தில் தொடங்குகிறது என்று நினைக்கிறேன். ‘எகிப்தின் தலைமைப் பூசாரி’ என்று ஒரே பதவி இருக்கவில்லை. ஒவ்வொரு பெரிய கோயிலுக்கும் ஒரு தலைவர், அவருக்குத் தனிப் பட்டம். தீபையில் ‘ஆமூனின் முதல் இறைப்பணியாளர்’. ஹீலியோபோலிஸில் சூரியக் கடவுள் ரேயின் தலைமைப் பூசாரிக்குக் ‘காண்போரில் பெரியவர்’. மெம்பிஸில் ‘கைவினைஞரை நடத்துவோரில் பெரியவர்’, ஏனெனில் ப்தா கைவினைஞர்களின் கடவுள். தோத் கடவுளின் நகரமான ஹெர்மோபோலிஸில் ‘ஐவரில் பெரியவர்’. இவை காதுக்கு மர்மமாகத் தொனிக்கின்றன. பட்டத்தைப் பெயரென்று எடுத்துக்கொண்டால் ரகசியப் பெயர்க் கதை தானாகவே பிறந்துவிடும். இறைப்பணியாளர் என்ற பட்டத்தைக் கிரேக்கர்கள் தீர்க்கதரிசி என்று பெயர்த்தது இன்னொரு வினை. வருங்காலம் சொல்வது அந்தப் பதவியின் வேலை அல்ல.

பட்டமே பெயரான ஆட்களும் உண்டு. அவர்களில் ஒருவர், பதினோராம் ராமேசஸ் காலத்துத் தலைமைப் பூசாரி ஹெரிஹோர். கர்னாக்கில் உள்ள கோன்சு கோயிலின் முன்முற்றத்தில் அவர் தன்னை அரசராகவே செதுக்க வைத்திருக்கிறார். அரசர் பெயரை மட்டும் சூழும் நீள்வட்ட வளையத்துக்குள் அவருடைய அரியணைப் பெயர் இருக்கிறது. உள்ளே படித்தால் ‘ஆமூனின் முதல் இறைப்பணியாளர்’ என்று வருகிறது. பட்டத்தை அப்படியே அரச வளையத்துக்குள் தூக்கி வைத்துவிட்டார். இதில் மறைபொருள் எதுவும் இல்லை. தெற்கில் அதிகாரம் யார் கையில் என்பதை எல்லோரும் படிக்கும்படி எழுதிய அரசியல் அறிவிப்பு.

பெயர் மாறவே மாறாது என்றும் எடுத்துக்கொள்ள வேண்டாம். மாறியது, ஆனால் வேறு காரணங்களுக்காக. சிரியப் பக்கத்திலிருந்து வந்து அரண்மனையில் மது பரிமாறும் உயர்பதவிக்கு வந்த பென்-அசென், ராமேசஸ்எம்பெர்ரே ஆனார்: ‘ரேயின் இல்லத்தில் ராமேசஸ்’. மன்னர் நான்காம் ஆமென்ஹோதெப், சூரிய வட்டமான ஆத்தெனை மட்டும் வணங்கத் தொடங்கியபின் ‘ஆத்தெனுக்குப் பயன்படுபவர்’ என்ற பொருளில் அக்கெனாத்தென் ஆனார். அவருடைய ஆட்கள் சுவர்களிலிருந்து ஆமூனின் பெயரைச் செதுக்கி எடுத்தபோது தனிமனிதர் பெயர்களுக்குள் இருந்த ஆமூனையும் விடவில்லை. மன்னரின் சொந்தத் தந்தை மூன்றாம் ஆமென்ஹோதெப்பின் பெயரிலும் கை வைத்தார்கள். தீபைக் கல்லறைகளில் ‘ஹோதெப்’ மட்டும் தெளிவாக நின்று அதற்கு முன்னால் கொத்திய பள்ளம் இருந்தால், அது காலத்தின் சேதம் அல்ல, வேண்டுமென்றே செய்தது.

பெயரை ஆயுதமாக்கியதன் உச்சம் மூன்றாம் ராமேசஸுக்கு எதிரான அந்தப்புரச் சதி வழக்கு. தீர்ப்பைச் சொல்லும் பாப்பிரஸ் சுருள் இப்போது இத்தாலியின் தூரின் நகரில் இருக்கிறது. குற்றவாளிகள் சிலரின் உண்மைப் பெயரை அதில் எழுதவில்லை, திரித்து எழுதினார்கள். ஒருவர் பெயர் மெசெத்சுரே, ‘ரே இவனை வெறுக்கிறார்’. எந்தப் பெற்றோரும் பிள்ளைக்கு வைக்கும் பெயரா அது? அசல் மெரிரே, ‘ரேயின் அன்புக்குரியவன்’ என்று கருதப்படுகிறது. அக்கெனாத்தெனின் தலைநகரான அமர்னாவில் ஆத்தெனின் தலைமைப் பூசாரியாக இருந்தவரின் பெயரும் மெரிரேதான். சதிகாரனுக்கு மரணத்துக்குப் பிறகும் நல்ல பெயர் நிலைக்கக்கூடாது என்பதில் அரசு அவ்வளவு கவனமாக இருந்தது.

எழுத்துக்கூட்டல் விஷயம். எகிப்திய எழுத்தில் உயிரொலிகள் எழுதப்படுவதில்லை. கல்லில் இருப்பது மெய்கள் மட்டும். ஆய்வாளர்கள் வாய்க்கு வசதியாக நடுவில் ‘எ’ சேர்த்துக்கொள்கிறார்கள், அப்படி வந்ததுதான் ஆமென்ஹோதெப். அமெனோபிஸ் என்பது கிரேக்கர் காதில் விழுந்த வடிவம். உண்மை உச்சரிப்பின் சாயல் வேண்டுமென்றால் மெசொப்பொத்தேமியாவின் ஆப்பெழுத்தில் எழுதிய களிமண் பலகைகளைப் பார்க்க வேண்டும், அந்த எழுத்து உயிரொலிகளைக் காட்டும். ராமேசஸ் அதில் ‘ரியமஷேஷ’ என்றும், ஆமூன் ‘அமன’ என்றும் வருகிறார்கள். ஆகவே இது சரி, அது தவறு என்று சண்டை போடுவதில் பயனில்லை. எகிப்திய வடிவம், கிரேக்க வடிவம் இரண்டையும் ஒரே கட்டுரையில் கலக்காதீர்கள், போதும். மன்னர் சூசென்னிஸ் போன்ற சிலரின் பெயர்களுக்கு மட்டும் நான் கிரேக்க வடிவத்தையே வைத்துக்கொள்வேன். அதன் அசல் பசெபகாஎன்நியூத், ‘நகரத்தில் தோன்றிய விண்மீன்’. ஒரு பத்தியில் நான்கு முறை எழுதினால் வாசகர் ஓடிவிடுவார்.

இனி சிலைக்கு முன்னால் நிற்கும்போது செய்ய வேண்டியது. முதலில் திசை. பறவையும் மனிதரும் எந்தப் பக்கம் முகம் காட்டுகிறார்களோ அந்தப் பக்கத்திலிருந்து படிக்க வேண்டும். பிறகு பெயரைத் தேடாதீர்கள், பெயரின் முடிவைத் தேடுங்கள். இறந்தவர் பெயருக்குப் பின்னால் ‘சொல் மெய்யானவர்’ என்ற அடைமொழி வரும். மறுமையின் தீர்ப்பில் தேறியவர் என்று பொருள். அதில் பெரும்பாலும் துடுப்பு வடிவக் குறி ஒன்று நிற்கும். அதற்குச் சற்று முன்னால் இருப்பதுதான் பெயர். அதற்கும் முன்னால் பட்டங்கள் வரிசையாக இருக்கும். கொடிபோன்ற ஒரு குறியும் அதையொட்டித் துணி துவைக்கும் கட்டையும் கண்ணில் பட்டால் அது இறைப்பணியாளர் பட்டம். வாத்து ஒன்று வந்தால் ‘மகன்’. அடுத்து வருவது தந்தையின் பெயராக இருக்கலாம், சிலைக்குரியவர் பெயர் என்று கொள்ளக்கூடாது.

ஆமென்ஹோதெப் என்ற பெயரில் குறிகள் இப்படி அமையும்: நாணல் இலை ஒன்று, மேலே காய்கள் அடுக்கிய ஆட்டப் பலகை, கீழே நெளிந்த நீர்க்கோடு. இந்த மூன்றும் சேர்ந்து ஆமூன். அடுத்து பாயின்மேல் வைத்த அப்பம், அது ‘ஹோதெப்’. அதனடியில் ஒரு சிறு அப்பமும் ஒரு சிறு சதுரமும் இருக்கும். அவை த, ப என்ற ஒலிகள். தனியே படிக்கக் கூடாது. மேலே உள்ள குறியின் கடைசி ஒலிகளை உறுதிப்படுத்த மட்டும் வந்தவை. தொடக்கக்காரர்கள் பலர் இங்கேதான் வழுக்கி ‘ஹோதெப்தெப்’ என்று படிப்பார்கள். கடைசியில் உட்கார்ந்திருக்கும் மனிதருக்கும் ஒலி கிடையாது, ‘இது ஓர் ஆணின் பெயர்’ என்று சொல்வதோடு அவர் வேலை முடிந்தது. முழுப் பொருள்: ‘ஆமூன் மனநிறைவோடு இருக்கிறார்’. இணையப் பட்டியல்கள் எழுதும் ‘ஆமூனின் அமைதி’ இலக்கணப்படி பொருந்தாது. இத்தகைய பெயர்கள் பெரும்பாலும் ஒரு சிறு வாக்கியம்.

இன்னொரு பொறி, கடவுளுக்கும் அரசருக்கும் எழுத்தில் முதலிடம். படிப்பில் கடைசியாக வந்தாலும் மரியாதைக்காக முன்னால் எழுதிவிடுவார்கள். துட்டன்காமுன் பெயரில் குறிகள் ஆமூன்–துட்–அங்க் என்ற வரிசையில்தான் நிற்கின்றன. மெரிரே என்பதில் சூரிய வட்டம் முதலில் இருக்கும்.

உறுப்புகள் சிலவற்றைத் தெரிந்துகொண்டால் பாதிப் பெயர்கள் திறந்துவிடும். நக்த் என்றால் வலிமை, செனெப் என்றால் நலம், மெரி அன்புக்குரியவர், நெஸ் உரியவர். ராமேசஸ்நக்த், நெஸ்ஆமூன், மென்கெபெர்ரேசெனெப் எல்லோரும் ஆமூனின் தலைமைப் பூசாரிகள்; இப்போது நீங்களே பிரித்துப் பார்க்கலாம். காலமும் பெயரில் தெரியும். ‘ஜெட்கோன்சுஎஃப்அங்க்’ போன்ற நீண்ட பெயர்கள் கி.மு. 1070க்குப் பிந்திய நூற்றாண்டுகளில் பெருகுகின்றன. பொருள்: ‘கோன்சு சொன்னார், இவன் பிழைப்பான்’. குழந்தை தங்குமா என்ற பயத்தில் கோயிலில் குறி கேட்டுப் பெற்ற வாக்கே பெயராயிற்று. தலைமைப் பூசாரி பெயர்களில் என்னை மிகவும் தொடுவது இந்த வகைதான்.

‘பா-தி’ என்று தொடங்கினால் ‘இன்னார் தந்தவர்’. ஹெர்மோபோலிஸின் தலைமைப் பூசாரி பெத்தோசிரிஸ் ‘ஓசிரிஸ் தந்தவர்’. அவருடைய கல்லறை தூனா எல்-கெபெலில் இருக்கிறது. தமிழ் விவிலியம் வாசித்தவர்களுக்கு யோசேப்பின் மாமனார், ஓன் பட்டணத்து ஆசாரியன் போத்திபிரா நினைவிருக்கும். ஓன் என்பது ஹீலியோபோலிஸ், போத்திபிரா ‘ரே தந்தவர்’. சூரியக் கடவுளின் ஊர்ப் பூசாரிக்குக் கச்சிதமான பெயர்.

எல்லாப் பெயரும் இப்படித் திறக்காது. மசஹர்தா என்ற தலைமைப் பூசாரியின் பெயரை எகிப்திய உறுப்புகளாகப் பிரிக்க முயன்றால் தோற்றுப்போவீர்கள், அது லிபியப் பெயர். அவருடைய சகோதரர் மென்கெபெர்ரே இன்னொரு விதத்தில் ஏமாற்றுவார். அதே பெயர் மூன்றாம் துட்மோஸின் அரியணைப் பெயரும்கூட. எல்-ஹிபா என்ற ஊரின் மதில் செங்கற்களில் அந்தப் பெயரைக் கண்டால் துட்மோஸ் கட்டிய மதில் என்று தோன்றும். பக்கத்தில் பூசாரியின் மனைவி இசெத்எம்கெப் பெயரும் முத்திரையிடப்பட்டிருப்பதால்தான் யாருடையது என்று தெரிகிறது. பெயரை மட்டும் வைத்து ஆளை முடிவுசெய்யக்கூடாது என்பதற்கு இதைவிட நல்ல பாடம் கிடைக்காது.

நேரில் பார்க்க ஒன்றே ஒன்று சொல்லச் சொன்னால், பிரிட்டிஷ் அருங்காட்சியகத்தின் 147ஆம் எண் கல்லைச் சொல்வேன். மெம்பிஸ் தலைமைப் பூசாரி ப்ஷெரென்ப்தாவின் மனைவி தாயிம்ஹோதெப்பின் நினைவுக்கல். கணவர் பெயர் ‘ப்தாவின் மகன்’, மனைவி ‘இம்ஹோதெப்பைச் சேர்ந்தவள்’. பதவி தலைமுறைகளாக ஒரே குடும்பத்தில் நின்றதால் இங்கே பெயரும் கோயிலும் பொருந்துகின்றன. மூன்று பெண் குழந்தைகளுக்குப் பிறகு தம்பதியர் ஆண் குழந்தை வேண்டி இம்ஹோதெப்பிடம் முறையிடுகிறார்கள். அவர் கனவில் வந்து தன் கோயிலில் திருப்பணி செய்யச் சொல்கிறார், பூசாரி செய்து முடிக்கிறார். ஏழாம் கிளியோபாத்ராவின் 6ஆம் ஆட்சியாண்டில், கி.மு. 46இல், பகலின் எட்டாம் மணியில் மகன் பிறக்கிறான். வைத்த பெயர் இம்ஹோதெப், இன்னொரு பெயர் பெதுபாஸ்த், ‘பாஸ்தெத் தந்தவன்’.

கனவில் வந்த அந்த இம்ஹோதெப், ‘சமாதானத்தோடு வருபவர்’, அந்தப் பிறப்புக்கும் சுமார் 2,600 ஆண்டுகளுக்கு முன்பு ஜோசெர் மன்னரிடம் பணியாற்றிய மனிதர். ஜோசெரின் சிலைப் பீடத்தில் அவருடைய பட்டங்களுக்கு நடுவே ‘காண்போரில் பெரியவர்’ என்பதும் உண்டு, அதாவது ஹீலியோபோலிஸின் தலைமைப் பூசாரி. பின்னாளில் அவரையே கடவுளாக்கினார்கள். 147ஆம் எண் கல்லில் தாயின் பெயரிலும் மகனின் பெயரிலும் ‘ஹோதெப்’ வருகிறது. பாயின்மேல் அப்பம் வைத்த அந்தக் குறியைத் தேடிப் பிடியுங்கள், முதல் முயற்சிக்கு அதைவிட எளிய பெயர் இல்லை.