கொடையில் மகுடத்தைப் பதிவு செய்யும் பிள்ளை

அம்பாசமுத்திரம் பக்கத்திலிருந்து ஒரு அண்ணாச்சி எழுதியிருக்கிறார். மகள் ப்ளஸ் டூ முடித்திருக்கிறாள். கோயில் கொடைத் திருவிழா எங்கே நடந்தாலும் போய், வில்லுப்பாட்டையும் கணியான் கூத்தில் அடிக்கும் மகுடம் என்ற பறையையும் செல்போனில் பதிவு செய்துகொண்டு வருகிறாள். வீட்டில் கீபோர்டோடு உட்கார்ந்து பழைய கோயில் வீடியோக்களுக்கு இசை போடுகிறாள். கணக்கு பிடிக்காது. பெங்களூரில் இருக்கும் தாய்மாமனோ, கம்ப்யூட்டர் சயின்ஸ்தான் என்று ஒற்றைக் காலில் நிற்கிறார். மேனேஜ்மென்ட் கோட்டாவுக்காக வயலை விற்கலாமா என்பது அண்ணாச்சியின் கேள்வி.

விற்காதீர்கள். மனம் ஒட்டாத பிள்ளையை நான்கு வருஷம் அந்த வகுப்பில் உட்கார வைத்தால் அரியரும் கடனும்தான் சேரும். மாமன் அக்கறையோடுதான் சொல்கிறார். ஆனால் பரீட்சை எழுதப்போவது அவரில்லை. சினிமா வாய்ப்பு தேடிச் சென்னைக்குப் போகும் வழியையும் நான் சொல்லப்போவதில்லை. கோயில், கோட்டை, கலை மரபு பற்றிய ஆவணப்படங்களுக்குப் பின்னணி இசை அமைப்பது என்று ஒரு தொழில் இருக்கிறது. நேற்று முளைத்ததல்ல. 1948-ல் தொடங்கிய, மத்திய அரசின் ஆவணப்பட அமைப்பான ஃபிலிம்ஸ் டிவிஷனின் படங்களுக்குப் புல்லாங்குழல் கலைஞர் விஜய ராகவ ராவ் இசை அமைத்திருக்கிறார்.

எடிட்டிங் முடிந்ததும் இயக்குநரோடு உட்கார்ந்து, இசை எங்கே நுழைகிறது, எங்கே விலகுகிறது என்று குறித்துக்கொள்வதுதான் முதல் வேலை. கிருஷ்ணாபுரம் கோயில் சிற்பம் ஒன்றின் பாதத்திலிருந்து தலைவரை கேமரா 12 விநாடி ஏறுகிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். ஆதி தாளத்தின் ஒரு சுற்றை ஆவர்த்தனம் என்போம், அதில் எட்டு அட்சரம், அதாவது எட்டு எண்ணிக்கை. நிமிஷத்துக்கு 80 அட்சரம் என்ற வேகத்தில் இரண்டு ஆவர்த்தனம் போட்டால் சரியாக 12 விநாடி. முகம் தெரியும்போது சமம், அதாவது அடுத்த சுற்றின் முதல் அடி, வந்து விழும். அந்த இடத்தில் வர்ணனைக் குரலும் இருந்தால் நாகஸ்வரம் கூடாது, பேச்சை அமுக்கிவிடும். வில்லுப்பாட்டுக் குடத்தின் கனத்த ஒலி குரலுக்கு அடியில் நிற்கும். கழுகுமலை வெட்டுவான் கோயில் 8-ஆம் நூற்றாண்டுப் பாண்டியர் வேலை, முடிக்கப்படாமல் நின்றுபோனது. அந்தப் பாறையைக் காட்டும்போது காற்றின் சத்தத்தை மட்டும் விட்டுவிட்டு இசையை நிறுத்தத் தெரிய வேண்டும். நெல்லையப்பர் கோயிலில் இசைத்தூண்களே இருக்கின்றன. அனுமதி வாங்கி, ஒரு கல் மண்டபத்தின் எதிரொலியைப் பதிவு செய்தால், வீட்டில் வாசித்த இசையின்மேல் அதை ஏற்ற மென்பொருள் உண்டு. மண்டபத்துக்குள் இருந்து வாசித்தது போலவே கேட்கும். இந்தக் காது உங்கள் பிள்ளைக்கு இப்போதே பாதி வந்துவிட்டது.

படிப்புக்குப் பாளையங்கோட்டை போதும். தினமும் பஸ்ஸில் போய்வந்து வரலாறு படிக்கட்டும். எந்தத் தூண் எந்தக் காலத்தது என்று தெரிந்தவளை இயக்குநர்கள் விடமாட்டார்கள். சாயங்காலம் ஒரு வாத்தியாரிடம் சுருதியும் தாளமும். டிகிரி முடிந்த பிறகு, விருப்பமிருந்தால் புணே திரைப்படக் கல்லூரியிலோ கொல்கத்தா சத்யஜித் ரே நிறுவனத்திலோ ஒலிப் பிரிவுக்கு நுழைவுத் தேர்வு எழுதலாம்.

செலவில் மட்டும் கண்டிப்பாக இருங்கள். லட்சக்கணக்கில் வாங்கிக்கொண்டு சர்டிஃபிகேட் தரும் மியூசிக் புரொடக்‌ஷன் வகுப்பு வேண்டவே வேண்டாம். ஒலியைப் பதிவு செய்து தொகுக்கும் ரீப்பர் மென்பொருளை 60 நாள் இலவசமாகப் பழகலாம், தனி ஆளுக்கான லைசென்ஸ் 60 டாலர்தான். வீட்டில் இருக்கும் கம்ப்யூட்டர், ஒரு நல்ல ஹெட்போன், ஒரு மைக், அதைக் கம்ப்யூட்டரோடு இணைக்கும் சின்ன ஆடியோ இன்டர்ஃபேஸ். அதற்கு மேல் இப்போது ஒரு ரூபாய் போடாதீர்கள்.

மாதச் சம்பளம் வராது, அண்ணாச்சி. படத்துக்குப் படம்தான் காசு. முதல் சில வருஷம் சவுண்ட் எடிட்டிங்கும் இசை வகுப்பும்தான் சோறு போடும். அதற்குத் தயாரா என்று அவளிடம் நேரில் கேளுங்கள், மாமனை வைத்துக்கொண்டு கேட்காதீர்கள். 2012-ல் திருத்திய காப்புரிமைச் சட்டப்படி, தியேட்டருக்கு வெளியே படம் ஓடும்போது அதன் இசைக்கு வரும் ராயல்டியில் இசையமைப்பாளருக்குப் பங்கு உண்டு. அதைத் தயாரிப்பாளருக்கு எழுதிக் கொடுத்துவிடவும் முடியாது. எந்த ஒப்பந்தமானாலும் இந்த விஷயத்தைப் பார்த்த பிறகே அவள் கையெழுத்துப் போட வேண்டும்.